லாவ் கார் லியுங்: காலடி தெரியச் சண்டை செய்தவர்

லாவ் கார் லியுங் 1930களில் தென்சீனாவின் கான்டன் நகரில் பிறந்தார். ஹுங் கார் என்னும் குங்ஃபூ முறை அவருக்குக் குடும்பச் சொத்து. அம்முறையின் பெருங்குரு வோங் ஃபெய் ஹுங்கின் மாணவர் லாம் சாய் விங். அவரின் மாணவர் லாவின் தகப்பனார் லாவ் சாம். ஹொங்கொங்கில் 1949இல் குவான் தக் ஹிங் நடிப்பில் தொடங்கிய வோங் ஃபெய் ஹுங் படவரிசையில் தகப்பனாரும் மகனும் வேலை செய்தனர். பெருங்குருவின் கதையைச் சொல்லும் படங்களிலேயே அவருடைய பரம்பரைப் பிள்ளை அடிவாங்கித் தொழில் படித்தது.

அறுபதுகளில் தோங் கையுடன் சேர்ந்து ஷோ பிரதர்ஸ் படங்களுக்குச் சண்டை அமைத்தார். 1975இல் இயக்குநரானார். 1978இல் அவர் இயக்கி வந்த ‘தேர்ட்டி சிக்ஸ்த் சேம்பர் ஒஃப் ஷாவோலின்’ அதில் நடித்த கோர்டன் லியூவுக்குப் புகழ் தந்தது, அது நியாயமே. ஆனால் நடிகர் லாவை அறிய அடுத்த ஆண்டின் ‘மேட் மங்கி குங்ஃபூ’வைப் பார்க்க வேண்டும். அவர் கதாநாயகனாக நடித்த முதற்படம் அது. கைகள் முடமாக்கப்பட்டுத் தெருவில் பிழைக்கும் கூத்துக் கலைஞராக அதில் வருகிறார். குரங்குப் பிடியைச் சீடனுக்குக் கற்றுக்கொடுக்கும்போது முகம் சிரிக்கிறது, தோள் ஒடுங்குகிறது. இடுப்பு மட்டும் கடைசிவரை தளர்வதில்லை.

அவருடைய உச்சம் 1982இன் ‘லெஜெண்டரி வெப்பன்ஸ் ஒஃப் சைனா’. துப்பாக்கிக் குண்டை உடம்பால் தடுக்க முடியாது என்றுணர்ந்து, தன் சீடர்களைக் கலைத்துவிட்டு மறைந்து வாழும் குருவாக நடித்தார். இறுதி மோதலில் எதிரே நிற்பவர் சொந்தத் தம்பி லாவ் கார் விங். பதினெட்டு ஆயுதங்களும் ஒவ்வொன்றாகக் கை மாறுகின்றன. ஆயுதம் மாறும்போதெல்லாம் உடம்பும் மாறுகிறது. ஈட்டியில் பின்கை தள்ள, முன்கை வளையமாக வழிவிடுகிறது. பிரம்புக் கேடயம் வந்ததும் உடம்பு தாழ்ந்து நிலத்தோடு உருள்கிறது. கமெரா விலகி நின்று தலைமுதல் பாதம்வரை காட்டுகிறது. எண்பதுகளில் வாடகைக் கசெட்டின் கலங்கிய படத்தில் பார்த்தவர்களுக்கும் இந்தக் காலடி தெரிந்தது. இலங்கையின் யட்டவத்த, மாத்தளைப் பக்கத்தில் சிலம்பம் பார்த்துப் பழகிய கண்ணுக்கு இதில் விளக்கம் எதுவும் தேவையில்லை.

புரூஸ் லீயின் வேகத்துக்கும் ஜாக்கி சானின் துணிச்சலுக்கும் ரசிகர்கள் அதிகம். அந்த ரசனையில் குறையில்லை. ஆயினும் புரூஸ் லீ படங்களில் கண் ஒரே மனிதரைத்தான் தேடும். ஜாக்கி சானிடம் அடுத்த ஆபத்தை எதிர்பார்க்கும். லாவிடம் வித்தையே கதை. 1978இன் ‘ஹீரோஸ் ஒஃப் தி ஈஸ்ட்’ படத்தில் ஜப்பானிய வீரர்கள் ஒவ்வொருவராகத் தோற்கின்றனர். ஒருவரும் சாவதில்லை, அவர்களின் கலையும் இழிவுபடுவதில்லை. சண்டைப் படங்களில் இந்தப் பண்பு மிக அரிது.

1994இல் ‘ட்ரங்கன் மாஸ்டர் 2’ படத்தை இயக்கி நடித்தார். ரயிலுக்கு அடியில் குனிந்தபடியே ஜாக்கி சானுடன் மோதும் காட்சியில் முதியவரின் நிதானம் இளையவரின் வேகத்துக்கு ஈடுகொடுக்கிறது. கருத்து வேறுபாட்டால் இடையில் விலகினார். இறுதிச் சண்டை ஜாக்கி சானின் கைவண்ணம். 2005இல் ‘செவன் சோர்ட்ஸ்’ படத்தில் நடித்தார். 2010இல் ஹொங்கொங் திரைப்பட விருது விழாவில் வாழ்நாள் சாதனையாளர் விருது பெற்றார். 2013 யூன் 25ஆம் திகதி காலமானார்.

இன்றைய சண்டைக் காட்சிகளில் கம்பியும் கத்தரியும் வேலை செய்கின்றன. தமிழ்ப் படங்களில் சிலம்பம் வரும்போதுகூட கம்பின் நுனியும் நாயகனின் முகமும் மாறிமாறி வருகின்றன. நடுவில் சுவடு எனப்படும் காலடி வெட்டுப்பட்டுப் போகிறது. சுவடு தெரியாவிட்டால் அடி எங்கிருந்து பிறந்தது என்பதும் தெரியாது. சிலம்பத்தைப் படமாக்க நினைப்பவர்கள், லாவ் சகோதரர்களின் பதினெட்டு ஆயுத மோதலை ஒருமுறை முழுதாகப் பார்த்துவிட்டுக் கமெராவைத் தொட வேண்டும்.