ஏஞ்சல் தீவின் சுவர்ப் பாக்கள்

சான் பிரான்சிஸ்கோ விரிகுடாவிலுள்ள ஏஞ்சல் தீவுக் குடியேற்ற நிலையத்தில், 1882ஆம் ஆண்டுச் சீனர் விலக்குச் சட்டத்தின் விளைவாக, 1910 முதல் 1940 வரை சீனர் பலர் வாரக்கணக்கிலும் மாதக்கணக்கிலும் அடைத்து வைக்கப்பெற்றனர். அவர்கள் மரச்சுவர்களில் செதுக்கியும் எழுதியும் வைத்த பாக்களுள் இருநூற்றுக்கு மேற்பட்டவை கிடைத்துள்ளன.

பழைய யாப்பையும் வழிவழி வந்த குறிப்புகளையும் சார்ந்திருத்தலின், இவை தனித்தன்மை குன்றியன எனக் கருதத் தோன்றும். அக்கருத்து எமக்கு உடன்பாடன்று. விசாரணையில் அதிகாரிகள் வினவியவை யாவை? வீட்டின் படிகள் எத்தனை, ஊரின் வரிசையில் வீடுகள் எத்தனை என்பன போல்வன. உறவினர் கூறிய விடையோடு முரணின், நாடுகடத்தப்பெறும் நிலை நேரும். குடிமகனின் மகன் எனக் காட்டும் தாளை விலைக்குப் பெற்று, வேற்றுப் பெயருடன் வந்தாரும் உளர். அத்தகையோர் மெய்ப்பெயரைப் பொறிப்பின் அகப்படுவர். பொய்ப்பெயரைப் பொறிப்பின் பாட்டும் பொய்யாகும். பெரும்பாலான பாக்கள் பெயரின்றி நிற்றற்கு இதுவும் ஒரு காரணமாதல் கூடும்.

பண்டு சிறைப்பட்ட வென் மன்னனை அவர்கள் நினைவுகூர்தலையும் இவ்வாறே நோக்குதல் வேண்டும். தாம் யாவர் என்பதற்கு அதிகாரிகள் கேளாத விடையை அம்மரபே அளித்தது. ஆதலின், இப்பாக்களின் உயிர்நிலை மரபே என்பது எம் துணிபு.