நாஸ்: குவீன்ஸ்பிரிட்ஜ் மரபும் முப்பதாண்டு ஆல்பங்களும்

நியூயார்க் ராப் மரபில் சொல்லையும் பீட்டையும் தனித்தனியே எடைபோடுவார்கள். சொல் என்றால் இயைபு எங்கே விழுகிறது, மூச்சு எங்கே நிற்கிறது, கதை எப்படி நகர்கிறது என்று பார்ப்பது. பீட் என்றால் பழைய ஜாஸ், ஃபங்க் இசைத்தட்டிலிருந்து ஒரு துணுக்கை வெட்டி, டிரம்ஸோடு சேர்த்துச் சுழலவிடும் தயாரிப்பாளரின் கைத்திறன். நாஸ் எனப்படும் நசீர் ஜோன்ஸின் ஆல்பங்களை வரிசையாகக் கேட்டால் ஒன்று புலப்படும். அவருடைய சொல் தாழ்ந்த இடங்கள் மிகக் குறைவு. ஏறியிறங்கியதெல்லாம் பெரும்பாலும் பீட்தான்.

1973 ஆகஸ்டில் பிராங்க்ஸில் டி.ஜே. கூல் ஹெர்க் நடத்திய விருந்தை ஹிப்-ஹாப்பின் பிறப்பாகச் சொல்வது வழக்கம். அதற்கு அடுத்த மாதம் பிறந்தவர் நாஸ். தந்தை ஓலு டாரா ஜாஸ் கார்னெட் கலைஞர். மகன் வளர்ந்த குவீன்ஸ்பிரிட்ஜ் அரசுக் குடியிருப்பிலிருந்துதான் தயாரிப்பாளர் மார்லி மார்ல், ராப்பர் எம்.சி. ஷான் ஆகியோரும் வந்தார்கள். நாஸுக்கு முந்தைய ராப்பர்களில், அடியின் முடிவில் நின்ற இயைபை அடிக்குள்ளேயே பரப்பியவர் ராக்கிம். தெருக்குற்றங்களை நுணுக்கமாக விவரித்தவர் கூல் ஜி ராப். பாட்டைச் சிறுகதையாக்கியவர் ஸ்லிக் ரிக். இந்த மூன்று வழிகளும் ஒரே இளைஞனிடம் வந்து சேர்ந்தன.

1994-இல் வந்த 'இல்மேட்டிக்' நாற்பது நிமிடம்கூட ஓடாது. மொத்தம் பத்தே தடங்கள். டி.ஜே. பிரீமியர், பீட் ராக், கியூ-டிப், லார்ஜ் புரொஃபசர், எல்.இ.எஸ். என நகரின் தேர்ந்த கைகள் பல இந்த ஒரே அறிமுக ஆல்பத்துக்கு உழைத்தன. ஆனாலும் ஒட்டுப்போட்டது போல் எங்கும் தெரியாது. எல்லாப் பீட்டும் ஒரே குடியிருப்பின் ஒரே இரவைச் சொல்கிறது. 'ஒன் லவ்' பாடலில் சிறையிலிருக்கும் நண்பனுக்கு வெளியே நடப்பதைக் கடிதமாக எழுதுகிறார். அப்போது அவருக்கு இருபது வயது. தீர்ப்புச் சொல்லாமல், கண்டதை மட்டும் அடுக்கும் அந்த நிதானம் இன்றும் என்னை வியக்க வைக்கிறது. இன்னொரு பாட்டின் முடிவில் தந்தையின் கார்னெட் ஒலிக்கிறது. அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் 2021-இல் இந்த ஆல்பத்தைத் தேசிய ஒலிப்பதிவுப் பதிவேட்டில் சேர்த்தது.

அதன் பிறகு அவர் எதைச் செய்தாலும் அதை முதல் ஆல்பத்தோடு ஒப்பிட்டார்கள். 1996-இன் 'இட் வாஸ் ரிட்டன்' பில்போர்டு பட்டியலில் முதலிடம் பிடித்தது. டிராக்மாஸ்டர்ஸ் தயாரிப்புக் குழுவின் பளபளப்பான ஒலியைக் கேட்டவர்கள், நாஸ் வணிகத்துக்குப் போய்விட்டார் என்றார்கள். நான் அதை ஏற்கவில்லை. துப்பாக்கியே தன் கதையைச் சொல்லும் 'ஐ கேவ் யூ பவர்' அந்த ஆல்பத்தில்தான் இருக்கிறது. உண்மையான சரிவு 1999-இல். இரட்டை ஆல்பமாகத் திட்டமிட்டிருந்தவற்றில் பல பாடல்கள் இணையத்தில் கசிந்துவிட, திட்டம் குலைந்தது. அவ்வாண்டு இறுதியில் அவசரமாக வந்த 'நாஸ்ட்ரடாமஸ்' ஒன்றில்தான் சொல்லும் தளர்ந்தது.

2001-இல் ராப்பர் ஜே-இசட் தம் ஆல்பத்தில் அவரைத் தாக்கினார். நாஸ் 'ஸ்டில்மேட்டிக்' ஆல்பத்தில் ஒரு பாட்டால் திருப்பியடித்தார். உலகம் அந்தச் சண்டைப் பாட்டையே நினைவில் வைத்திருக்கிறது. அதே ஆல்பத்தில் ஒரு கொலையை முடிவிலிருந்து தொடக்கம் நோக்கிச் சொல்லும் 'ரீவைண்ட்' அதைவிடப் பெரிய சாதனை என்பேன். மறு ஆண்டில் தாய் மறைந்த துயரம் 'காட்ஸ் சன்' ஆல்பம் முழுதும் படிந்திருக்கிறது. அடுத்த பத்தாண்டில் ரெகே பாடகர் டேமியன் மார்லியோடு சேர்ந்த 'டிஸ்டன்ட் ரிலேட்டிவ்ஸ்' (2010), மணமுறிவை மறைக்காமல் பேசிய 'லைஃப் இஸ் குட்' (2012) இரண்டையும் நிச்சயம் கேட்க வேண்டும். கான்யே வெஸ்ட் தயாரித்த 2018-இன் 'நசீர்' ஏழு பாட்டுகளோடு பாதியில் நின்றது போலவே ஒலிக்கிறது.

பிறகு நடந்ததை யாரும் எதிர்பார்க்கவில்லை. கலிஃபோர்னியத் தயாரிப்பாளர் ஹிட்-பாயோடு 2020 முதல் 2023 வரை ஆறு ஆல்பங்கள் வந்தன. 'கிங்ஸ் டிசீஸ்' அவருக்கு முதல் கிராமி விருதைத் தந்தது. மூன்றாம் 'கிங்ஸ் டிசீஸ்' ஆல்பத்தில் விருந்தினர் குரலே இல்லை. ஒரே தயாரிப்பாளர், ஒரே பாடகர். 'மேஜிக் 3' அவருடைய ஐம்பதாம் பிறந்தநாளன்று வெளியானது. இளைஞர் கலையாகவே கருதப்பட்ட ராப்பில், நடுவயதுக்காரர் தன் வயதை ஒளிக்காமல், மூச்சும் குறையாமல் பாடலாம் என்பதற்கு இந்த ஆறும் சான்று. தமக்கேற்ற ஒருவரிடம் நிலைத்ததுமே அவர் பீட்டும் சொல்லுக்கு ஈடாகிவிட்டது.

புதிதாகக் கேட்பவர்கள் 'இல்மேட்டிக்'கை முடித்த கையோடு நேரே மூன்றாம் 'கிங்ஸ் டிசீஸ்' ஆல்பத்துக்குப் போய்விடுங்கள். இடைப்பட்டவற்றை அதன் பிறகு ஆற அமரக் கேட்கலாம்.