பழைய கரண்ட் பாக்கி யார் தலையில்? நினான் தீர்ப்பைப் படித்தபோது

மண்டபம் பக்கம் மூடிக் கிடக்கும் ஓர் ஐஸ் கம்பெனி வங்கி ஏலத்துக்கு வருகிறது என்று வைத்துக்கொள்வோம். ஏலம் எடுத்தவர் முழுப் பணத்தையும் கட்டிவிட்டு மின் இணைப்பு கேட்டுப் போகிறார். "இந்த இடத்துக்குப் பழைய பாக்கி இருக்கு, அதைக் கட்டிட்டு வாங்க" என்கிறார்கள். கரண்டை எரித்தது யாரோ, பில் இவருக்கு. இராமேஸ்வரம் லாட்ஜோ, தொண்டிப் பக்கத்து இறால் பண்ணையோ, கைமாறுகிற எந்த இடத்துக்கும் இந்தச் சிக்கல் வரலாம். சட்டம் என்ன சொல்லுது?

1995-ல் இஷா மார்பிள்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் வாங்கியவர் பக்கம் நின்றது. மின்வாரியத்தோடு ஒப்பந்தம் போட்டவர் பழைய ஆள். அந்தக் கடனுக்குப் புதியவர் எப்படிப் பொறுப்பாவார் என்று கேட்டது. இன்னமும் பலர் இதை மட்டும் படித்துவிட்டு "கட்ட வேண்டியதில்லை" என்று சொல்றாங்க. அது பாதிக் கதைதான்.

மீதிக் கதை 2023 மே 19 அன்று வந்தது. கே.சி. நினான் எதிர் கேரள மாநில மின்வாரியம் என்ற வழக்கு. பல மாநிலங்களிலிருந்து வந்த மேல்முறையீடுகளை ஒன்றாகச் சேர்த்து தலைமை நீதிபதி சந்திரசூட், ஹிமா கோலி, நரசிம்மா ஆகிய மூவர் தீர்ப்பளித்தார்கள். அதன் சாரம் மூன்று.

ஒன்று, மின்பாக்கி தானாகவே சொத்தின் மேல் வில்லங்கமாக ஏறாது. சட்டம் வெளிப்படையாகச் சொல்லியிருக்க வேண்டும். இரண்டு, "பழைய பாக்கி தீர்ந்தால்தான் இணைப்பு" என்று விதி இருந்தால் அந்த விதி செல்லும். கேட்பவருக்கு மின்சாரம் தர வேண்டும் என்கிற 2003 மின்சாரச் சட்டத்தின் 43-வது பிரிவு நிபந்தனை இல்லாத உரிமை அல்ல. இஷா மார்பிள்ஸ் வழக்கில் அப்படி ஒரு விதி இல்லை, அதனால்தான் அந்த முடிவு. மூன்று, 56(2) பிரிவு சொல்லும் இரண்டு வருட வரம்பு இணைப்பைத் துண்டித்து வசூல் செய்வதற்குத்தான். சிவில் வழக்குக்கும் இணைப்பு நிபந்தனைக்கும் அந்த வரம்பு இல்லை.

மின்வாரியத்தின் கவலை நியாயமானதுதான். இந்த விதி இல்லாவிட்டால் பாக்கி வைத்தவர் இடத்தை மச்சான் பேருக்கு மாற்றிவிட்டு மறுநாளே புது இணைப்பு கேட்பார். அந்த நஷ்டம் ஒழுங்காகக் கட்டுகிற எல்லார் தலையிலும் விழும். இதுவரை எனக்கும் உடன்பாடு.

இடிப்பது மூன்றாவதுதான். 56(1) பிரிவுப்படி, பில் கட்டாதவருக்கு 15 நாள் நோட்டீஸ் கொடுத்து இணைப்பைத் துண்டிக்கலாம். 47-வது பிரிவுப்படி முன்கூட்டியே காப்புத்தொகை வாங்கலாம். இரண்டையும் ஒழுங்காகச் செய்தால் பாக்கி ஓர் அளவுக்கு மேல் எப்படிப் பெருகும்? பெருகியிருந்தால் யாரோ பார்த்துக்கொண்டு சும்மா இருந்திருக்கிறார்கள். அந்தச் சும்மா இருந்ததற்கு இந்தத் தீர்ப்பில் விலையே இல்லை. கவனித்திருக்க வேண்டியவருக்கு முழுப் பாதுகாப்பு. அந்தப் பக்கமே வராதவருக்கு முழுச் சுமை.

'வில்லங்கம் இல்லை, நிபந்தனைதான்' என்ற பிரிப்பும் ஏட்டில் சரி. ஆனால் கரண்ட் இல்லாத ஐஸ் கம்பெனி வெறும் கட்டிடம். வாங்கியவருக்கு இரண்டும் ஒன்றுதான். சொல்லப்போனால் இது இன்னும் மோசம்: பதிவான வில்லங்கம் என்றால் வில்லங்கச் சான்றில் தெரியும், இது தெரியாது.

நீதிமன்றத்துக்கும் இது உறுத்தியிருக்கிறது போல. அரசியலமைப்பின் 142-வது பிரிவைப் பயன்படுத்தி, ஏலதாரர்கள் இணைப்பு கேட்டு விண்ணப்பித்த நாளிலிருந்து ஏறிய வட்டியைத் தள்ளுபடி செய்தது. நல்லதுதான். ஆனால் அது அந்த வழக்குக்காரர்களுக்குக் கிடைத்த சலுகை. அடுத்து வருகிறவர் அதை உரிமையாகக் கேட்க முடியாது.

இதற்குத் தீர்வு புதிதாகக் கண்டுபிடிக்க வேண்டியதில்லை. மகாராஷ்டிரத்தின் 2005 மின் வழங்கல் விதித்தொகுப்பில், வாங்கியவர் பொறுப்பு அதிகபட்சம் ஆறு மாதக் கட்டணமாகத்தான் இருந்தது; வாரிசுகளுக்கு மட்டும் இந்த வரம்பு இருக்கவில்லை. ஆறு மாதத்துக்குள் வாரியம் விழித்துக்கொள்ள வேண்டியிருந்தது, அதற்கு மேல் அதன் பாடு. இப்படி ஒரு வரம்பு எல்லா மாநிலத்திலும் வேண்டும். கூடவே, நான் சார்ந்த கணினித் துறைக்காரன் புத்தியில் இன்னொன்று: இணைப்பு எண்ணைத் தட்டினால் கட்டண நிலுவை இணையத்தில் வருகிறது, வில்லங்கச் சான்றும் இணையத்தில் வருகிறது. இந்த இரண்டு தரவுத்தளத்தையும் இணைத்தால் வாங்குகிறவர் பத்திரம் பதிவதற்கு முன்பே பாக்கியைப் பார்த்துவிடுவார்.

அதுவரைக்கும் நாமே பார்த்துக்கொள்ள வேண்டியதுதான். அட்வான்ஸ் கொடுக்கும் முன் இணைப்பு எண்ணைக் கேளுங்க. நிலுவை இல்லை என்று எழுத்தில் வாங்குங்க. ஏல அறிவிப்பில் 'உள்ளது உள்ளபடி' என்று இருந்தால், அந்த 'உள்ளது' என்பதில் பழைய கரண்ட் பில்லும் அடக்கம் என்று வைத்துக் கணக்குப் போடுங்க.