மேனேஜர் ஆளும் ஊர்

பே ஏரியாவில் பொங்கல் விழா என்றால் ஒரு பேச்சு தவறாமல் உண்டு. ஊரிலிருந்து வந்திருக்கும் பெற்றோர்கள் முன்வரிசையில் சால்வையைப் போர்த்திக்கொண்டு உட்கார்ந்திருப்பார்கள். மேடையில் இருப்பவர் நூலகம், பூங்கா, குண்டும் குழியும் இல்லாத தெரு என்று அடுக்கிவிட்டு, காரணத்தையும் அவரே சொல்லிவிடுவார். "இங்க ஊரை ஒரு கம்பெனி மாதிரி நடத்துறாங்க. கவுன்சில்தான் போர்டு, சிட்டி மேனேஜர்தான் சி.இ.ஓ. அரசியல் உள்ளேயே வராது." முன்வரிசை தலையாட்டும். இந்த ஆண்டும் ஆட்டியது. பத்துப் பன்னிரண்டு ஆண்டுகளாக இதைக் கேட்டுவிட்டுப் பேசாமல் பொங்கலைச் சாப்பிட்டுவிட்டு வந்துகொண்டிருக்கிறேன். இந்த முறை தொண்டையில் இறங்கவில்லை.

பாராட்ட வேண்டியதை முதலில் பாராட்டிவிடலாம். ஓட்டுக்கு வேலை, மைத்துனனுக்கு ஒப்பந்தம் என்று கிடந்த அமெரிக்க நகராட்சிகளைத் தூக்கி நிறுத்தியதில் இந்த மேனேஜர் முறைக்குப் பெரிய பங்கு உண்டு. 1913 மார்ச் வெள்ளத்தில் ஒஹாயோவின் டேட்டன் நகரம் மூழ்கியபோது, கல்லாப்பெட்டி இயந்திரம் செய்துகொண்டிருந்த ஜான் பேட்டர்சன் தன் ஆலையில் படகு கட்டி மக்களைக் கரை சேர்த்தார். ஊரை வியாபாரம் தெரிந்தவர்கள் நடத்த வேண்டும் என்று 1896-லேயே பேசியவர் அவர். வெள்ளம் வந்த ஆண்டே நகரத்தின் சாசனம் மாறியது. 1914 ஜனவரியில் ஹென்றி வெயிட் என்ற பொறியாளர் மேனேஜராக அமர்ந்தார். பட்ஜெட் ஒழுங்குக்கு வந்தது, வேலைக்குத் தகுதி பார்க்கப்பட்டது. இன்று ஃப்ரீமான்ட், சன்னிவேல், பாலோ ஆல்டோ, சான் ஹோஸே எல்லாமே மேனேஜர் ஊர்கள்தான். டெக்சாஸில் டாலஸ், ஆஸ்டின், சான் அன்டோனியோவும் அப்படியே. திருட்டு குறைவு, வேலை சுத்தம். ஒப்புக்கொள்கிறேன்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். நம்மவர்கள் சிட்டி மேனேஜர் என்றதும் மாநகராட்சி கமிஷனரை நினைத்துக்கொள்கிறார்கள். அது சரியில்லை. சென்னைக்குக் கமிஷனரை அனுப்புவதும் திரும்ப அழைப்பதும் கோட்டை. 2016 அக்டோபரிலிருந்து 2022 தொடக்கம் வரை கவுன்சிலே இல்லாமல் அதிகாரியை வைத்து ஊரை ஓட்டியதும் அதே கோட்டைதான். இங்கே மேனேஜரை நியமிப்பது கவுன்சில். பெரும்பான்மை இருந்தால் நாளைக்கே வீட்டுக்கு அனுப்பலாம். எழுத்தில் பார்த்தால் மேனேஜர் வேலைக்காரர், கவுன்சில் எஜமானர்.

என் சண்டை அந்த எழுத்தோடுதான். கொள்கையை வகுப்பது கவுன்சில், நிறைவேற்றுவது மேனேஜர் என்ற கோட்டின் மேல்தான் இந்த முறை முழுவதும் நிற்கிறது. அந்தக் கோடு எங்கே ஓடுகிறது என்று யாராவது காட்டட்டும். எந்தத் தெருவுக்கு முதலில் தார் போடுவது என்பது கொள்கையா, நிர்வாகமா? பட்ஜெட்டின் முதல் வரைவை எழுதுகிறவன் கொள்கை வகுக்கவில்லை என்று ஒரு குடும்பத்தலைவியிடம் சொல்லிப்பாருங்கள், சிரிப்பாள்.

சான் ஹோஸேயின் கதையே போதும். 1950-இல் அங்கே மேனேஜராக வந்த டச்சு ஹாமன் 1969 வரை இருந்தார். அக்கம்பக்கத்து நிலங்களை நகரத்தோடு இணைத்தது 1,389 முறை. இதற்கென்றே அவர் வைத்திருந்த ஆட்களுக்கு ஹிட்லரின் டாங்கிப் படையின் பெயரையே ஊர் சூட்டியது. 17 சதுர மைல் ஊர் 130-ஐத் தாண்டியது, 95 ஆயிரம் பேர் நாலரை லட்சத்தை நெருங்கினார்கள். ஆப்ரிகாட், பிளம் தோப்புகள் போய்த் தொகுப்பு வீடுகள் வந்தன. இன்று நம் பொறியாளர்கள் காலை எட்டு மணிக்கு நெடுஞ்சாலையில் நகராமல் உட்கார்ந்து புலம்பும் அந்தப் பரந்து விரிந்த ஊரைத் தீர்மானித்த இருபது ஆண்டுகளில் ஓட்டுச்சீட்டில் ஒரு தடவைகூட ஹாமன் பெயர் வேட்பாளராக இருந்ததில்லை. கவுன்சில் ஒப்புதல் கொடுத்தது, சரி. ஆனால் அந்த ஆண்டுகளின் கவுன்சிலர் ஒருவர் பெயரைச் சொல்லுங்கள் என்றால் சரித்திரம் படித்தவரும் திணறுவார். ஹாமன் பெயரை யாரும் மறக்கவில்லை.

அது அந்தக் காலம் என்பார்கள். இந்தக் காலத்துக்கு வருகிறேன்.

எங்கள் ஊரின் பெயர் வேண்டாம். பள்ளிக்கூடத்து வாசலில் பிள்ளைகள் தெருவைக் கடக்கும் இடத்தில் ஒரு மினுக்கு விளக்கு வேண்டும் என்று பெற்றோர்கள் பதினான்கு பேர் கவுன்சில் கூட்டத்துக்குப் போனோம். ஆளுக்கு மூன்று நிமிடம். என் முறை வந்தபோது மைக்குக்குப் பக்கத்தில் பச்சை விளக்கு எரிந்தது, பிறகு மஞ்சள், பிறகு சிவப்பு. கவுன்சிலர்கள் ஐந்து பேரும் எங்களைப் பார்க்கவே செய்தார்கள், ஒருவர் தலையாட்டவும் செய்தார். பதில் வரவில்லை. நிகழ்ச்சி நிரலில் இல்லாத விஷயத்தை அவர்கள் விவாதிக்கக் கூடாது, சட்டம் அப்படி. நிரலைத் தயாரிப்பது யார்? மேனேஜர் அலுவலகம். கூட்டம் முடிந்து வாசலில் ஒரு கவுன்சிலரைப் பிடித்தேன். நல்ல மனிதர், பகலில் வேறு வேலை பார்க்கிறவர். "நான் என்ஜினியர்கிட்ட நேரா சொல்ல முடியாது. மேனேஜர் வழியாத்தான் போகணும்" என்றார். அவர் சொன்னது உண்மை. பெரும்பாலான சாசனங்களில் கவுன்சிலர் நகர ஊழியருக்கு உத்தரவிடுவதற்கே தடை உண்டு. நம்மூர் வார்டு கவுன்சிலர் உதவிப் பொறியாளருக்குப் போன் போட்டுக் கத்துவதை நினைத்துக்கொண்டேன். அந்தக் கத்தலில் கமிஷனும் கலந்திருக்கும், தெரியும். ஆனால் குழாயில் தண்ணீர் வரவில்லை என்றால் யார் வீட்டுக் கதவைத் தட்டுவது என்பது தெருவில் எல்லோருக்கும் தெரியும்.

நிரலைத் திறந்து பார்த்தால் இன்னொன்று புரியும். அதில் கன்சென்ட் காலண்டர் என்று ஒரு பகுதி. ஒப்பந்தம், கொள்முதல், கட்டணத் திருத்தம் என்று இருபது, இருபத்தைந்து உருப்படிகள். ஒரே தீர்மானம், ஒரே வாக்கெடுப்பு, அரை நிமிடம். யாராவது ஓர் உருப்படியைத் தனியே எடுக்கச் சொல்லலாம்தான். எடுக்க வேண்டுமானால் படித்திருக்க வேண்டும். படிக்க வேண்டியது நூற்றுக்கணக்கான பக்கம், கைக்கு வருவது சில நாள் முன்னால், எழுதியவர்கள் மேனேஜரின் ஊழியர்கள், கடைசி வரியில் பரிந்துரையும் அவர்களுடையது. கவுன்சிலருக்கென்று தனியே கணக்குப் பார்த்துச் சொல்ல சிற்றூர்களில் யாரும் கிடையாது. கவுன்சில் நேரடியாக நியமிக்கும் தணிக்கையாளர் சான் ஹோஸே போன்ற பெரிய ஊர்களில் இருக்கிறார். அது நல்ல ஏற்பாடு. ஐம்பதாயிரம் பேர் ஊரில் அதற்கு யார் பணம் கொடுப்பது?

கம்பெனி என்கிறார்களே, அந்த உவமையே இந்த இடத்தில் உடைகிறது. ஒரு கம்பெனியின் இயக்குநர்கள் சி.இ.ஓ.வை வைத்துக்கொள்ளலாமா என்று இரவு உணவு மேசையில் ஐந்து பேராக உட்கார்ந்து பேசலாம். கலிஃபோர்னியாவின் கவுன்சிலர்களுக்கு அது முடியாது. 1953-இல் வந்த பிரவுன் சட்டம், பெரும்பான்மை கவுன்சிலர்கள் ஊர் விஷயத்தை முறையாக அறிவித்த கூட்டத்துக்கு வெளியே பேசிக்கொள்வதைத் தடுக்கிறது. ஐவர் கவுன்சிலில் இருவர் காபிக்குப் போகலாம். அந்தப் பேச்சு மூன்றாமவர் காதுக்குப் போனால் சட்டமீறல். மூடிய கதவுப் பேரத்தைத் தடுக்க வந்த அருமையான சட்டம், மறுக்கவில்லை. ஆனால் அதே சட்டம் ஊழியர்கள் ஒவ்வொரு கவுன்சிலரையும் தனித்தனியே சந்தித்து விளக்கம் தர அனுமதிக்கிறது. ஒருவர் சொன்னதை இன்னொருவரிடம் சொல்லக் கூடாது என்பது மட்டுமே நிபந்தனை. மேனேஜர் அதைப் பழுதில்லாமல் கடைப்பிடிக்கிறார் என்றே வைத்துக்கொள்வோம். அப்போதும் ஐந்து பேரின் மனத்தையும் அறிந்தவர் ஊரில் ஒரே ஒருவர். எஜமானர்கள் ஐந்து பேரும் கூட்டத்துக்கு வெளியே சேர்ந்து பேச முடியாது. வேலைக்காரர் எல்லோரோடும் பேசலாம். எந்த விஷயத்துக்கு மூன்று ஓட்டு தேறும், எதைக் கிடப்பில் போடலாம் என்பது யாருக்குத் தெரிந்திருக்கும்? அரசியல் உள்ளே வராது என்று மேடையில் சொல்கிறவருக்கு இதைவிடப் பச்சை அரசியல் வேறென்ன காட்டுவது?

இது முற்றினால் என்ன ஆகும் என்பதை லாஸ் ஏஞ்சலஸ் பக்கத்து பெல் என்ற ஏழை ஊர் காட்டியது. 2005-இல் நானூறு பேர்கூட ஓட்டுப் போடாத ஒரு தேர்தலில் ஊர் தனக்கென்று ஒரு சாசனத்தை ஏற்றுக்கொண்டது. கவுன்சிலர் சம்பளத்துக்கு மாநிலம் வைத்திருந்த வரம்பு அதோடு போயிற்று. 2010-இல் லாஸ் ஏஞ்சலஸ் டைம்ஸ் விஷயத்தை வெளியே கொண்டுவந்தபோது மேனேஜர் ராபர்ட் ரிஸ்ஸோவின் ஆண்டுச் சம்பளம் எட்டு லட்சம் டாலரை ஒட்டியிருந்தது. பகுதிநேரக் கவுன்சிலர்கள் ஐவரில் நால்வர் ஆளுக்கு லட்சம் டாலர் அளவில் வாங்கிக்கொண்டிருந்தார்கள். ஐந்தாமவருக்கு மாதம் சில நூறு. 2014-இல் ரிஸ்ஸோவுக்குப் பன்னிரண்டு ஆண்டுச் சிறை. அது விதிவிலக்கு என்பார்கள். கொள்ளையின் அளவு விதிவிலக்குதான். ஆனால் ரிஸ்ஸோ எந்தப் பூட்டையும் உடைக்கவில்லை. நிரல், அறிக்கை, அரை நிமிட வாக்கெடுப்பு எல்லாம் முன்பே அங்கே இருந்தன.

கவுன்சில் மேனேஜரை நீக்கலாமே? நீக்கலாம். ஆஸ்டின் நீக்கியது. 2021 மே மாதம் மேயருக்கே அதிகாரம் தரும் திருத்தத்தை ஆஸ்டின் மக்கள் நூற்றுக்கு எண்பத்தைந்துக்கு மேல் எதிர்த்து ஓட்டுப் போட்டுத் தோற்கடித்தார்கள். மேனேஜர் முறையை ஆதரிப்பவர்கள் இதைப் பெருமையாகச் சொல்வார்கள். 2023 பிப்ரவரித் தொடக்கத்தில் பனிமழையில் மரங்கள் முறிந்து, ஒன்றரை லட்சத்துக்கும் மேற்பட்ட மின் இணைப்புகள் இருளில் கிடந்தன. மின்சார நிறுவனம் நகரத்துடையது. மின்சாரம் எப்போது வரும் என்று சொல்லக்கூட ஆளில்லை என்று ஊர் கொதித்தது. மேயர் கிர்க் வாட்சன் வந்து ஒரு மாதம்தான் ஆகியிருந்தது. இரண்டே வாரத்தில் கவுன்சில் பத்துக்கு ஒன்று என்ற கணக்கில் மேனேஜர் ஸ்பென்சர் கிராங்கை வெளியேற்றியது. பொறுப்புக்கூறல் என்று கொண்டாடினார்கள். எனக்கென்னவோ, கவுன்சிலின் கையில் கோடாரி மட்டுமே இருக்கிறது என்று தோன்றியது. முள் குத்தினால் எடுக்க ஊசி இல்லை. ஆண்டு முழுக்க எதிலும் கைவைக்க விடாமல் தள்ளி நிறுத்திவிட்டு, கால் புரையோடிய பிறகு வெட்டு என்றால் அதை மருத்துவம் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

சான் அன்டோனியோவில் கோடாரியை மக்களே எடுத்தார்கள். அங்கே 2015 வரை கவுன்சிலருக்கு ஒரு கூட்டத்துக்கு 20 டாலர். அந்தக் காசுக்கு யார் அறிக்கையைப் படிப்பார்கள் என்று கேட்கவே தேவையில்லை. 2005-இல் மேனேஜரான ஷெரில் ஸ்கல்லி திறமைசாலி. நகரத்தின் கடன் தரத்தை உயர்த்தியவர் என்று எதிரிகளும் சொல்வார்கள். அவருடைய சம்பளம் நாலே முக்கால் லட்சம் டாலரைத் தொட்டிருந்தது. 2018 நவம்பரில் தீயணைப்பு வீரர்கள் சங்கம் கொண்டுவந்த திருத்தத்துக்கு ஊர் ஓட்டுப் போட்டது. மேனேஜரின் சம்பளம் கடைநிலை ஊழியரின் சம்பளத்தைப் போலப் பத்து மடங்கைத் தாண்டக் கூடாது, எட்டு ஆண்டுக்கு மேல் பதவி கூடாது. 2024-இல் அதே ஊர் அதை நீக்கியும் விட்டது. அந்த 2018 ஓட்டைப் பொறாமை, சங்கத்தின் பழிவாங்கல் என்று சிரித்தார்கள். எனக்கு அது வேறாகப் பட்டது. ஆளுக்கு ஓட்டுப் போட வழியில்லாதவர்கள் சம்பளத்துக்கு ஓட்டுப் போட்டார்கள்.

மேயரிடம் அதிகாரத்தைக் கொடுத்தால் மட்டும் வாழ்ந்துவிடுமா என்று கேட்பார்கள், உடனே ஓக்லந்தைக் காட்டுவார்கள். 1998-இல் ஜெர்ரி பிரவுனுக்காக மேயர் முறைக்கு மாறிய ஊர். 2023 ஜனவரியில் பதவிக்கு வந்த மேயரை 2024 நவம்பரில் மக்களே திரும்ப அழைத்த ஊர். லட்சணத்தைப் பார் என்பார்கள். பார்க்கிறேன். யாரை இறக்குவது என்று அந்த மக்களுக்குத் தெரிந்திருந்தது. நியூ ஜெர்சியில் 1950-இன் ஃபாக்னர் சட்டம் ஊர்களுக்கு இரண்டு வழியையும் திறந்து வைத்திருக்கிறது. டீனெக் மேனேஜரை வைத்துக்கொண்டது, எடிசன் மேயரை. எடிசனில் குப்பை அள்ளவில்லை என்றால் மேயர் பெயரைச் சொல்லித் திட்டுகிறார்கள், என் அத்தை மகன் உட்பட. பொங்கல் மேடையிலிருந்து இறங்கியவரிடம் நான் கேட்டேன்: "நம்ம ஊர் மேனேஜர் பேர் என்ன சார்?" இருபத்திரண்டு ஆண்டாக இந்த ஊரில் வீட்டுவரி கட்டுகிறவர். போனை எடுத்துத் தேடினார்.

மினுக்கு விளக்கு இன்னும் வரவில்லை. நகரத்தின் புகார்ச் செயலியில் பதியச் சொன்னார்கள், பதிந்தேன், ஓர் எண் வந்தது. இரண்டு வாரம் கழித்து அந்தக் கவுன்சிலரைக் கடையில் பார்த்தேன். தானும் அதே செயலியில் பதிந்துவிட்டதாகச் சொல்லிப் போனைக் காட்டினார். அவருடைய எண் என் எண்ணுக்கு நாற்பத்தொன்று பின்னால் இருந்தது.