மந்திரமும் பெர்மிட்டும்

லெனார்ட் வூல்ஃப் 1908 முதல் 1911 வரை அம்பாந்தோட்டையில் உதவி அரசாங்க அதிபராக இருந்தவர். அவருடைய ‘த வில்லேஜ் இன் த ஜங்கிள்’ நாவல் 1913இல் வெளிவந்தது. சிங்கள வாசகர்கள் அதனை ‘பெத்தேகம’ என அறிவர். சேனைப் பயிர் செய்து வாழும் சிலிந்துவின் குடும்பம் மூடநம்பிக்கையால் அழிந்த கதை என்றே பலரும் இதனைச் சொல்லக் கேட்டிருக்கிறேன். அது பாதி உண்மைதான்.

வைத்தியன் புஞ்சிரால சிலிந்துவின் மகள் ஹின்னிஹாமியைக் கேட்கிறான். மறுத்த சிலிந்து, செய்வினைக்குப் பயந்து நோயில் விழுகிறான். தகப்பனைக் காப்பாற்ற மகள் அவனிடம் போகிறாள். பின்னர் மழை பொய்த்தபோது, அவள் வளர்த்த மானைப் பேயென்று ஊரார் கொல்கின்றனர். அவளும் இறக்கிறாள்.

மற்ற மகள் புஞ்சி மெனிக்காவை முதலாளி பெர்னாண்டோ விரும்புகிறான். இங்கே மந்திரம் தேவைப்படவில்லை. சேனைப் பெர்மிட் இல்லை என்று விதானை பாபெஹாமி சொன்னதே போதுமானது. காட்டையும் தரிசையும் முடிக்குரிய காணியாக அனுமானித்த 1840ஆம் ஆண்டுச் சட்டம் அவன் பின்னால் நிற்கிறது. முறையிடப் போன மருமகன் பாபுன் பொய்த் திருட்டு வழக்கில் சிறை செல்கிறான். சிலிந்து துப்பாக்கியைத் தூக்குகிறான்.

பேயின் பெயராலும் பெண்ணைக் கேட்கிறார்கள். அரசாங்கத்தின் பெயராலும் பெண்ணைக் கேட்கிறார்கள். இவ்விரண்டையும் ஒரே குடும்பத்தின் மீது இறக்கிக் காட்டியதே வூல்ஃபின் சாதனை.

குறையும் உண்டு. இறுதியில் ஒரு வயோதிபரின் போதனை சிலிந்துவுக்கு ஆறுதல் அளிக்கிறது. ஆனால், நிலத்துக்காக ஊரை ஒன்றுசேர்க்கும் சக்தியாக நம்பிக்கை எங்கும் வருவதில்லை. எங்கள் கற்பிட்டிப் பக்கம் நாம் கண்டது வேறு. நுரைச்சோலை அனல் மின்நிலையத் திட்டம் வந்தபோது, தலவில புனித அன்னம்மாள் தேவாலயத்துக்குப் பாதிப்பு வரும் என்று கத்தோலிக்கர் எதிர்த்தனர். மின்நிலையம் 2011இல் இயங்கத் தொடங்கி, பின்னர் 900 மெகாவோட்டாக வளர்ந்தது. நம்பிக்கை தோற்றது, ஆனால் அது விதானையின் பக்கம் நிற்கவில்லை.

இந்நாவலை நம்மவர்கள் வாசிக்க வேண்டிய காரணம் இதுவே. 1990இல் வடக்கிலிருந்து விரட்டப்பட்ட முஸ்லிம்கள் வந்து சேர்ந்த மாவட்டம் புத்தளம். காணியின் அருமை நமக்குப் புதிதல்ல. ஆயினும் நம் சிறுகதைகளில் தாயத்துக் கட்டுபவரைச் சாடும் அளவுக்கு, காணிக் கடதாசியில் கையொப்பம் வைப்பவரை நாம் விசாரிப்பதில்லை. சீர்திருத்தம் பேசும் எழுத்தாளன் நம்பிக்கை யாருடைய கையில் இருக்கிறது, பெர்மிட் யாருடைய கையில் இருக்கிறது என்று இரண்டையும் கேட்க வேண்டும்.