652 சொல்லாத ரிவேரா

மரியானோ ரிவேரா என்றதும் பேஸ்பால் ரசிகர்கள் சொல்கிற எண் 652. அமெரிக்க மேஜர் லீக்கில் அவர் எடுத்த 'சேவ்'களின் எண்ணிக்கை அது. இன்னும் முறியடிக்கப்படாத சாதனை. ஆனால் ரிவேரா எவ்வளவு பெரிய ஆட்டக்காரர் என்பதை அந்த எண்ணை வைத்து எடைபோட்டால் தப்பாகத்தான் போகும்.

பேஸ்பாலில் ஓர் ஆட்டத்துக்கு 9 இன்னிங்ஸ். ஆட்டத்தைத் தொடங்கிய பிட்சர் (பந்து வீசுபவர்) களைத்ததும் பந்தை வாங்கிக்கொள்பவர் ரிலீஃப் பிட்சர். அவர்களில், முன்னிலையைக் காத்துக் கடைசி அவுட்டை எடுக்க வருபவர் குளோசர். காத்துக் கொடுத்தால் அவர் கணக்கில் ஒரு சேவ். 1969இல் அதிகாரப்பூர்வக் கணக்கில் ஏறிய இந்த விதி தாராளமானது. 3 ரன் முன்னிலை, பேஸ்களில் எதிரணி ஆள் ஒருவரும் இல்லை, எடுக்க வேண்டியது 3 அவுட் என்ற சொகுசான நிலையில் இறங்கி முடித்தாலும் சேவ்தான். ஒரு ரன் முன்னிலையில், மூன்று பேஸிலும் ஆள் நிற்க, வந்து மீட்டாலும் அதே ஒரு சேவ்தான். ஏழாவது இன்னிங்ஸில் ஆட்டம் கைநழுவாமல் பிடித்து நிறுத்தியவருக்கு அதுகூடக் கிடையாது.

ரிவேராவின் மிகச் சிறந்த ஆண்டுகளில் ஒன்றான 1996ஐப் பாருங்கள். அந்த ஆண்டு அவர் எடுத்த சேவ் வெறும் 5.

பனாமாவின் புவெர்ட்டோ கைமிட்டோ என்ற மீன்பிடி ஊரில் வளர்ந்தவர் ரிவேரா. பால் அட்டைப்பெட்டியைக் கையுறையாக மாட்டிக்கொண்டு விளையாடிய பையன்; பிறகு அப்பா ஓட்டிய மீன்பிடிப் படகில் வேலை. 1990இல் நியூயார்க் யாங்கீஸ் சொற்பத் தொகைக்கு அவரை எடுத்தது. 1992இல் முழங்கையில் அறுவைச் சிகிச்சை. அதே ஆண்டு இரண்டு புதிய அணிகளுக்கு வீரர்களைத் தேர்ந்தெடுத்தபோது யாங்கீஸ் அவரைக் காப்பாற்றி வைக்க மெனக்கெடவில்லை; புதிய அணிகளும் சீந்தவில்லை. 1995இல் தொடக்க பிட்சராக 10 ஆட்டங்களில் இறக்கிப் பார்த்தார்கள், எடுபடவில்லை.

மறு ஆண்டு மேலாளர் ஜோ டோரி அவரை குளோசர் ஜான் வெட்டலாண்டுக்கு முன்னால், ஏழாவது, எட்டாவது இன்னிங்ஸில் இறக்கினார். 107⅔ இன்னிங்ஸ், 130 ஸ்ட்ரைக்அவுட், விட்டுக்கொடுத்த ஹோம் ரன் ஒன்றே ஒன்று. சிறந்த பிட்சருக்கான சை யங் விருது வாக்கெடுப்பில் மூன்றாம் இடம். யாங்கீஸுக்கு, மேஜர் லீக்கின் இறுதித் தொடரான வேர்ல்டு சீரீஸ் கோப்பை.

1997இல் குளோசர் பொறுப்பு வந்தது. கூடவே 'கட்டர்' பந்தும் வந்து சேர்ந்தது. சக வீரர் ராமிரோ மெண்டோசாவோடு சும்மா வீசிக்கொண்டிருந்தபோது பந்து தானாகவே விலகத் தொடங்கியதாம். மணிக்கு 150 கிலோமீட்டர் வாக்கில் நேராக வருவதுபோல் வரும். பேட்டர் மட்டையை வீசிய பிறகு சில அங்குலம் பக்கவாட்டில் நகரும். நம் கிரிக்கெட் கணக்கில், வலதுகைக்காரருக்கு அவுட்ஸ்விங், இடதுகைக்காரருக்கு இன்ஸ்விங். இடதுகைக்காரர்களுக்குப் பந்து மட்டையின் கழுத்தில் பட்டு, மட்டையே முறிந்துவிடும். 1999 வேர்ல்டு சீரீஸில் அட்லாண்டாவின் ரயான் கிளெஸ்கோ ஒரே முறை ஆட வந்து மூன்று மட்டைகளை முறித்துக்கொண்டார். அவருடைய சொந்த அணியினரே சிரித்துவிட்டார்கள். அடுத்து என்ன வரும் என்பது எல்லோருக்கும் தெரியும். தெரிந்தும் அடிக்க முடியவில்லை என்பதுதான் விசேஷம்.

இனி பிளே ஆஃப் கணக்குக்கு வருவோம். 96 ஆட்டங்கள், 141 இன்னிங்ஸ். அதாவது ஓர் ஆட்டத்துக்கு ஏறக்குறைய ஒன்றரை இன்னிங்ஸ். ஒன்பதாவது இன்னிங்ஸுக்காகக் காத்திராமல் எட்டாவதிலேயே டோரி அவரை அழைத்துவிடுவார். எதிரில் நிற்பது அந்த ஆண்டின் தேர்ந்த அணிகள். 9 இன்னிங்ஸுக்குச் சராசரியாக அவர் கொடுத்தது 0.70 ரன். வழக்கமான சீசன்களில் அதே சராசரி 2.21. ஆட்டம் கடினமாக ஆக ஆக, வேலை கூடக் கூட, அவர் இன்னும் இறுக்கினார்.

சறுக்கல் இல்லாமல் இல்லை. 2001 வேர்ல்டு சீரீஸ், அரிசோனாவுடன் ஏழாவது ஆட்டம். 2-1 முன்னிலையில் எட்டாவது இன்னிங்ஸில் வந்து மூவரை ஸ்ட்ரைக்அவுட் செய்தார். ஒன்பதாவதில் முதல் ஆள் பேஸ் ஏறினார். அடுத்தவர் தட்டிவிட்ட பந்தை எடுத்து ரிவேரா இரண்டாவது பேஸுக்குத் தவறாக எறிந்தார். டோனி வொமாக்கின் அடியில் சமநிலை. மூன்று பேஸும் நிறைந்தபோது ரன்னைத் தடுக்க உள்வட்டத்தினர் முன்னே நெருங்கி நின்றார்கள். லூயிஸ் கொன்சாலஸின் மட்டையைக் கட்டர் முறித்தது. ஆனால் பந்து அவர்கள் தலைக்கு மேலே மெதுவாகப் போய் விழுந்தது. கோப்பை போயிற்று. வீசிய பந்தில் குறையில்லை. அதற்கு முன் எறிந்த எறியில்தான் குறை. தொடக்க பிட்சர் என்றால் அடுத்த இன்னிங்ஸில் ஈடுகட்டலாம். குளோசருக்கு அடுத்த இன்னிங்ஸ் ஏது?

சீசன் முழுக்க 1996போல உழைத்திருந்தால் அந்தக் கை இவ்வளவு காலம் தாங்கியிருக்குமா என்று கேட்பவர்கள் உண்டு. நியாயமான கேள்வி. 2012இல் முழங்கால் தசைநார் கிழிந்து, 2013இல் 43 வயதில் திரும்பி வந்து 44 சேவ் எடுக்க முடிந்ததற்கு வழக்கமான சீசன்களில் அவரை அளவாகப் பயன்படுத்திய சிக்கனமும் ஒரு காரணம். 652 என்பது சேமிப்புக் கணக்கு. சேமித்ததை எங்கே செலவழித்தார்கள் என்பதை அந்த 141 இன்னிங்ஸ் சொல்கிறது. அவர் வென்ற ஐந்து கோப்பைகளில் நான்கில் கடைசி அவுட் அவருடைய பந்தில்தான் விழுந்தது. 2019இல் புகழரங்கத் தேர்வில் வாக்களித்த 425 பேரும் அவரை ஒருமனதாகத் தேர்ந்தெடுத்தார்கள். அதுவரை யாருக்கும் கிடைக்காத பெருமை.

2016 பிளே ஆஃபில் கிளீவ்லேண்ட் அணி, தன் சிறந்த ரிலீஃப் பிட்சர் ஆண்ட்ரூ மில்லரை ஐந்தாவது, ஆறாவது இன்னிங்ஸிலேயே இறக்கியபோது புதுமை என்று எல்லோரும் வியந்தார்கள். நெருக்கடி எங்கேயோ அங்கே சிறந்த பிட்சர் என்ற கணக்கை டோரி 1996லேயே போட்டுவிட்டார். சேவ் எண்ணிக்கையை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தவர்கள் கண்ணில்தான் அது படவில்லை.