மண்கோட்டையும் திரைக்கோட்டையும்

பாஞ்சாலங்குறிச்சி என்னும் பெயரைச் செவிமடுத்த அளவில் தமிழ் மாணாக்கரின் மனக்கண்ணில் எழுவது ஒரு கற்கோட்டை. ஓங்கிய மதில், யானை நுழையும் வாயில், தூண்கள் நிரல்பட நிற்கும் அரசவை, அதன் நடுவே மீசை முறுக்கிய மன்னன். இவ்வோவியத்தை அவர்தம் நெஞ்சில் தீட்டியது வரலாற்று நூலன்று. 1959ஆம் ஆண்டில் வெளிவந்த 'வீரபாண்டிய கட்டபொம்மன்' என்னும் திரைப்படமே. கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸிலும் கிள்ளானிலும் பள்ளிக் கலைவிழா மேடைகளில் எத்தனையோ கட்டபொம்மர்கள் தோன்றி, ஜாக்சன் துரையிடம் கிஸ்தி குறித்து வாதிட்டுள்ளனர். அவர்கட்குப் பின்னே நிற்கும் அட்டைக் கோட்டையில் ஒரு வழக்கம் மாறாதிருக்கக் காணலாம். சாம்பல் வண்ணம் பூசி, கட்டம் கட்டமாகக் கருங்கற் கோடுகள் இட்டிருப்பார்கள். அந்தக் கோடுகளே இங்கு ஆராயற்பாலன.

படத்தின் சிறப்பை மறுப்பார் இலர். பி. ஆர். பந்துலுவின் இயக்கத்தில் சிவாஜி கணேசன் நடித்து, 1960இல் கெய்ரோ நகரில் நடந்த ஆசிய ஆப்பிரிக்கத் திரைப்பட விழாவில் சிறந்த நடிகர் என்னும் பெருமையை அவருக்கு ஈட்டித்தந்த படம் அது. சக்தி கிருஷ்ணசாமியின் உரையாடல் கடல் கடந்த தமிழ்ப் பிள்ளைகளின் நாவில் லகர ளகர ழகர வேறுபாட்டை நிலைநிறுத்தியது. இலக்கணப் பாடம் செய்ய இயலாத பணியை அது செய்தது என்று சொன்னாலும் மிகையாகாது. ஆயினும், செவிக்கு நல்விருந்து அளித்த அப்படம் கண்ணுக்கு அளித்தது மெய்தானா என்னும் வினா எழவே செய்கிறது.

மெய்யான பாஞ்சாலங்குறிச்சிக் கோட்டை மண்ணால் ஆனது. அதனைத் தாக்க வந்த படையில் இருந்தவரும், பின்னாளில் தம் போர் நினைவுகளை 1830இல் நூலாக வெளியிட்டவருமான ஜேம்ஸ் வெல்ஷ் அதன் அளவுகளைக் குறித்துவைத்துள்ளார். இரு பக்கங்கள் ஏறத்தாழ 500 அடி; மற்ற இரு பக்கங்கள் 300 அடி; மதிலின் உயரம் 12 அடி அளவே. ஆங்காங்கே சிறு கொத்தளங்கள், சுற்றிலும் அடர்ந்த முள்வேலி, அகழி கிடையாது. ஒரு தோட்டப் பள்ளியின் திடலுள் அடங்கிவிடக்கூடிய கோட்டை என்று சொன்னால் மாணாக்கர்க்கு எளிதில் விளங்கும். பகைவரே வியந்து எழுதியது அம்மண்ணின் உறுதியையும் பற்றுந்தன்மையையும்தான்.

வள்ளுவர் அரண் என்னும் அதிகாரத்தில் அரணின் இயல்புகளை நான்காக வகுக்கிறார். உயரம் அவற்றுள் ஒன்று. அகலமும் திண்மையும் அணுகுதற்கு அருமையும் ஏனைய மூன்று. திரைப்படம் முதலாவதை மட்டும் எடுத்துக்கொண்டது. பாஞ்சாலங்குறிச்சியோ பின்னவற்றால் நின்றது. பீரங்கிக் குண்டு பட்டால் கல்மதில் பிளந்து சரியும். தடித்த மண்மதிலோ குண்டைத் தன்னுள் புதைத்துக்கொள்ளும். சிதைந்த இடத்தை இரவோடு இரவாக மண் குழைத்து அடைத்துவிடலாம். அதற்குக் கல்தச்சர் வேண்டா, ஊர்மக்களின் கைகள் போதும். முயல் வேட்டைநாயை எதிர்த்து விரட்டிய இடம் என்று அவ்வூர்த் தோற்றத்திற்கு ஒரு கதை வழங்குகிறதன்றோ? அக்கதையும் மண்ணின் வீறு பற்றியதே.

பின் ஏன் திரைக்கோட்டை கல்லாயிற்று? கதைப்பாடல்களும் தம் தலைவனின் கோட்டையை உயர்த்திப் பாடும் மரபுடையவை ஆதலின் பழி முழுவதையும் படத்தின்மீது சுமத்துதல் முறையன்று. நாடக மேடையில் வளர்ந்து திரைக்கு வந்த கதை இது. மேடை அரசன் என்றால் மேடை அரண்மனையும் உடன் வரும். போர்க் காட்சிகள் இராசத்தானத்து ஜெய்ப்பூரில் எடுக்கப்பட்டன. பாளையக்காரர் ஒருவரைப் பேரரசராக உயர்த்திக் காட்டினாலன்றி அவர்தம் வீரம் விளங்காது என்று தயாரித்தோர் எண்ணினர் போலும். அவ்வெண்ணமே பிழையின் வேர். 1960இல் 'ராஜா தேசிங்கு' எடுத்தவர்களுக்கு இச்சிக்கல் இல்லை. செஞ்சியின் மூன்று குன்றுகளும் அவற்றை இணைக்கும் மதிலும் இயல்பாகவே பெருமிதம் உடையன. மிகைப்படுத்த வேண்டிய தேவையே எழாது. பன்னிரண்டடி மண்சுவரைப் பெருமிதத்தோடு காட்டுவதற்கன்றோ கலை வேண்டும்!

இதனினும் பெரியதொரு குறை உண்டு. படம் 1799 அக்டோபர் 16ஆம் நாள் கயத்தாற்றில் தூக்குக் கயிற்றோடு நிறைவுறுகிறது. கோட்டையின் தலைசிறந்த வரலாறு அதற்குப் பின்னரே தொடங்குகிறது. 1799 செப்டம்பர் 5ஆம் நாள் மேஜர் பானர்மன் நடத்திய தாக்குதல் முதல் நாளில் பலிக்கவில்லை என்பதே அம்மதிலுக்குப் போதிய நற்சான்று. பின்னர்க் கோட்டை கைப்பற்றப்பட்டு இடிக்கப்பட்டது. 1801 பிப்ரவரியில் ஊமைத்துரை பாளையங்கோட்டைச் சிறையினின்று தப்பி வந்தார். படை திரட்டிய ஆங்கிலேயர் சென்று பார்த்தபோது, தாங்கள் தரைமட்டமாக்கிய இடத்தில் கோட்டை மீண்டும் எழுந்து நின்றது. ஒருசில நாள்களில் ஊர் முழுவதும் கூடி எழுப்பிய கோட்டை! கல்லாக இருந்திருப்பின் இது நடந்திருக்குமா? மார்ச் 31ஆம் நாள் மேஜர் மெக்காலேயின் படை மோதியது. மதிலேற முன்வந்த ஐரோப்பிய வீரருள் பெரும்பகுதியினர் மாண்டும் புண்பட்டும் வீழ, படை பின்வாங்கியது. கர்னல் அக்னியூ தலைமையில் பெரும்படையும் பீரங்கிகளும் வந்து சேர்ந்த பின்னர், மே 24ஆம் நாளே கோட்டை வீழ்ந்தது. இம்முறை நிலத்தையும் உழுதுவிட்டு, ஊரின் பெயரையே அரசாங்க ஏடுகளிலிருந்து நீக்க ஆணையிட்டனர்.

வெள்ளையர் அழித்தது மண்கோட்டையின் உடலை. அதன் உருவை அன்போடு மறைத்தவர்கள் நம்மவர்களே. 1974இல் தமிழக அரசு பாஞ்சாலங்குறிச்சியில் நினைவுக் கோட்டை எழுப்பியது. நன்றியுணர்வின் வெளிப்பாடு அது, பாராட்டத்தக்கதே. ஆயின், அங்குச் செல்வோர் காண்பது பழைய மண்ணரணின் படியை அன்று. திரைப்படம் கண்டு வளர்ந்த ஒரு தலைமுறை கோட்டை என்றால் எப்படி இருக்கவேண்டும் என்று கருதியதோ, அதனை ஒத்த கட்டடத்தையே. பழைய அரண்மனையின் அடித்தளங்கள் அண்மையில்தான் தாழ்ந்து கிடக்கின்றன. ஒளிப்படம் எடுப்போர் புதிய வாயிலின் முன்தான் நிற்கின்றனர்.

மலேசியத் தமிழ் வகுப்பறைக்கு இதனால் என்ன என்று வினவலாம். இந்நாட்டுத் தமிழ் மாணாக்கருள் பலர்தம் முன்னோர் தோட்டங்களில் தகரக் கூரையின் கீழ் வாழ்ந்தவர்கள். கோபுரமும் கற்கோட்டையுமே தமிழரின் பெருமை என்று கேட்டுக் கேட்டு வளரும் பிள்ளை, தன் பாட்டனின் வாழ்வைப் பெருமையின் கணக்கில் சேர்ப்பதில்லை. மண் சுமந்தவர்கள் எழுப்பி, மண் சுமந்தவர்களே காத்த ஓர் அரண் தமிழர் வரலாற்றில் உண்டு என்பதை அப்பிள்ளைக்குச் சொல்லாமல் விடுவது இழப்பாகும். கிள்ளான் ஆசிரியர்கட்குச் சான்று தேடித் தொலைவு செல்ல வேண்டியதில்லை. 1867இல் தொடங்கிய கிள்ளான் போரின் நினைவாக ராஜா மகாடி கோட்டையின் வாயில் நகரின் மேட்டிலேயே நிற்கிறது. மாணாக்கரை அங்கு அழைத்துச் சென்று, மேட்டின் ஏற்றத்தை நடந்து பார்க்கச் செய்து, அதன்பின் பாஞ்சாலங்குறிச்சியின் அளவுகளைப் பள்ளித் திடலில் கயிறு கட்டிக் காட்டலாம். பின்னர்ப் படத்தைத் திரையிட்டால், மாணாக்கரே திறனாய்வாளர் ஆகிவிடுவர்.

நாடகத்திற்குப் புதுக்காட்சி வேண்டுவோர்க்கும் வெல்ஷின் நூலில் பொருள் உண்டு. கோட்டை வீழ்ந்த நாளில் ஊமைத்துரை புண்பட்டுப் பிணங்களிடையே கிடந்தார். மகனைத் தேடி வந்த பெண்ணொருத்தி அவரை ஊருக்குள் தூக்கிச் செல்ல உதவினாள். தேடி வந்த வீரர்கட்கு, வெண்துணி போர்த்துக் கிடப்பவர் அம்மை கண்டவர் என்று கூறினர்; வீரர்கள் அணுக அஞ்சி அகன்றனர். அரசவையும் இல்லை, சிம்மாசனமும் இல்லை. ஒரு குடிசை, ஒரு துணி, சில பெண்களின் துணிவு. அட்டையில் கருங்கற் கோடு தீட்டும் வேலை இக்காட்சிக்குத் தேவைப்படாது.

உயிர் பிழைத்த ஊமைத்துரை மருதிருவரிடம் அடைக்கலம் புகுந்து மீண்டும் போரிட்டார். 1801 நவம்பர் 16ஆம் நாள் அவரைத் தூக்கிலிடுவதற்கு ஆங்கிலேயர் தேர்ந்த இடம், தாங்கள் உழுது போட்ட அதே பாஞ்சாலங்குறிச்சி.